மேஸ்திரியும் வெள்ளைப் பூச்சியும்

கொய்யா மரத்தின் நடுக்கிளையில் யாரோ சுண்ணாம்பைத் தடவிவிட்டுப் போயிருக்கிறார்கள் என்றுதான் இன்னாசி முதலில் நினைத்தார். வேப்பங்குச்சியை வாயிலிருந்து எடுத்துவிட்டு ஒரு விரலால் அதைத் தேய்த்துப் பார்த்தார். சுண்ணாம்பு நகர்ந்தது.

"ஃப்ளோரன்ஸ்" என்று கூப்பிட்டார்.

அந்தக் குரல் கல்மண்டபத்துச் சந்தின் அடுத்த கோடி வரைக்கும் போய், அங்கே கட்டியிருந்த ஜட்கா குதிரையைத் தலைநிமிர வைத்தது. அவர் கத்தவில்லை. அதுதான் அவருடைய சாதாரணக் குரல். துறைமுகத்தில் கிரேன் மேஸ்திரியாக இருந்தவர். நீராவி கிரேனின் இரைச்சலைத் தாண்டி, கப்பலின் அடித்தட்டில் நிற்கிற கூலிக்காரன் காதில் விழுகிற மாதிரி பேசிப் பேசிப் பழகிய தொண்டை. வேலையிலிருந்து ஓய்வு பெற்றபோது கிரேனை ஒப்படைத்துவிட்டு வந்தார். குரலையும் கோபத்தையும் ஒப்படைக்கச் சொல்லி யாரும் கேட்கவில்லை. அவற்றை வீட்டுக்குக் கொண்டுவந்துவிட்டார்.

ஃப்ளோரன்ஸ் ஈரக் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டே வந்து கிளையைப் பார்த்தாள். பூச்சி மாதிரி இருக்கிறதே என்றாள்.

"பூச்சி மாதிரி இன்னா, பூச்சிதான். என் மரத்துல பூச்சி" என்றார் இன்னாசி.

உலகத்தில் எத்தனையோ மரம் இருக்க, எந்தத் தைரியத்தில் அது இந்த மரத்துக்கு வந்தது என்கிற கேள்வி அந்த வார்த்தையில் இருந்தது. அவர் கோபத்துக்கும் ஒரு நியாயம் உண்டு. அந்தக் கொய்யா சாதாரணக் கொய்யா அல்ல. உப்புக்காற்று அடிக்கிற அந்தப் பேட்டையில் முருங்கைகூட முக்கி முனகித்தான் வளரும். இவர் மரமோ வருஷா வருஷம் காய்த்துத் தள்ளியது. உள்ளே ரோஜா நிறச் சதை. முதல் கூடை எப்போதும் மாதா கோயில் சாமியாருக்குப் போகும். இரண்டாவது கூடையைத் துறைமுகத்துப் பழைய தோஸ்துகளுக்குத் தானே தூக்கிக்கொண்டு போய், அவர்கள் தின்று முடிக்கிற வரை பக்கத்தில் நின்று, "எப்படி கீது?" என்று கேட்பார். நன்றாக இல்லை என்று யாரும் இதுவரை சொன்னதில்லை. அந்தக் குரலில் கேட்டால் யார் சொல்வார்கள்?

அந்தக் காலை வரைக்கும் அவர் கோபம் முழுவதும் வீட்டுக்குள்தான் செலவாகிக்கொண்டிருந்தது. காப்பி ஆறிவிட்டது என்று கோபம். சூடாக இருந்தால் நாக்கு பொத்துவிட்டது என்று கோபம். மகள் டோரதி கான்வென்டில் தையல் டீச்சர். அவள் மாலையில் வீட்டில் மிஷினை மிதித்தால் சத்தம் என்று கோபம். மிதிக்காவிட்டால் சோம்பேறித்தனம் என்று கோபம். போன மாசம் அவளைப் பெண் பார்க்க வண்ணாரப்பேட்டையிலிருந்து ஒரு குடும்பம் வந்தது. மாப்பிள்ளை யேசுதாஸ் ரயில்வே பட்டறையில் ஃபிட்டர். அன்றைக்கு ஷிப்ட் இருந்ததால் அவன் வரவில்லை. தாயும் தாய்மாமனும் வந்தார்கள், கொஞ்சம் தாமதமாக. வந்த மாமன் தெரியாமல் இன்னாசியின் சாய்வு நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். கடல் தாண்டி வருகிற கப்பலே நேரத்துக்கு வருகிறது, டிராமில் வருகிறவர்களுக்கு என்ன கேடு என்று இன்னாசி ஆரம்பித்தார். அவர் முடிப்பதற்குள் அவர்கள் காப்பியைத் தொடாமலே எழுந்து போய்விட்டார்கள். இப்படி எழுந்து போனதில் அவர்கள் முதல் ஆட்களல்ல. டோரதிக்கு வயது ஏறிக்கொண்டே போனது. அன்றிலிருந்து அவள் அப்பாவிடம் சாப்பிடக் கூப்பிடுவதற்கு மட்டும்தான் வாயைத் திறந்தாள்.

இப்போது அந்தக் கோபமெல்லாம் மொத்தமாக ஒரு கிளையின் மேல் திரும்பியது.

முதல் வேலையாக, பூச்சி பக்கத்து வீட்டு மஜீது பாயிடமிருந்துதான் வந்தது என்று தீர்மானித்தார். மஜீது தெருமுனையில் கயிறு, நங்கூரச் சங்கிலி, பாய்த்துணி எல்லாம் விற்கிற மனுஷர். அவர் வீட்டில் மரமே கிடையாது என்பது இன்னாசிக்கு ஒரு தடையாகத் தெரியவில்லை. சுவருக்கு மேலே தலையை நீட்டி, கப்பலிலிருந்து கண்ட கண்ட சாக்கையெல்லாம் கொண்டுவந்து அடுக்கினால் பூச்சி வராமல் என்ன செய்யும் என்று கேட்டார். மஜீது பல் தேய்த்துக்கொண்டிருந்தார். வாயில் இருந்ததைத் துப்பிவிட்டு, என் வீட்டுச் சாக்கில் எலி இருக்கிறது, வேண்டுமானால் அதையும் உன் மரத்துக்கு அனுப்புகிறேன் என்றார். சண்டை வெயில் ஏறுகிற வரை நடந்தது. மஜீதின் மனைவி ஜீனத் வந்து புருஷனைக் கையைப் பிடித்து உள்ளே இழுத்துக்கொண்டு போன பிறகுதான் ஓய்ந்தது.

அடுத்து மண்ணெண்ணெய். மூட்டைப்பூச்சிக்குக் கட்டில் காலில் ஊற்றுகிறோம், அது சாகிறது, இது மட்டும் சாகாதா என்பது அவர் கணக்கு. ஒரு துணியை நனைத்துக்கொண்டு ஏணியில் ஏறி, கிளை கிளையாக, இலை இலையாகத் துடைத்தார். பூச்சி செத்தது உண்மைதான். மறுநாள் அந்த இலைகளும் ஓரம் கருகிச் சுருண்டு கீழே கொட்டின. துடைக்காமல் விட்ட உச்சிக்கிளையில் பூச்சி தெம்பாக இருந்தது. அது போதாதென்று இலைகளின் மேல் பிசுபிசுவென்று ஏதோ ஒழுகி, அதன்மேல் அடுப்புக்கரி அப்பின மாதிரி கறுப்பு படர்ந்தது. கட்டெறும்புகள் அடிமரத்திலிருந்து உச்சி வரைக்கும் வரிசை கட்டின.

டோரதியின் பள்ளிக்கூடத்தில் விஞ்ஞானம் சொல்லிக்கொடுக்கிற தேவகிருபை டீச்சர் ஒருநாள் மாலை அவளோடு வீட்டுக்கு வந்தாள். மரத்தைச் சுற்றி வந்து பார்த்தாள். இது மாவுப்பூச்சி, சாற்றை உறிஞ்சிவிட்டு இனிப்பாகக் கழிகிறது, அந்த இனிப்புக்குத்தான் எறும்பு வருகிறது, அதன்மேல்தான் கரும்பூசணமும் வளர்கிறது என்று விளக்கினாள். எறும்பு இதற்குக் காவல்காரன் மாதிரி. வேறு பூச்சி வந்து இதைத் தின்னவிடாது, ஒரு கிளையிலிருந்து இன்னொரு கிளைக்குத் தூக்கிக்கொண்டும் போகும். ஆகவே முதலில் எறும்பு ஏறாமல் தடுக்க வேண்டும், பிறகு மீன் எண்ணெய் சோப்பை நிறையத் தண்ணீரில் கரைத்துத் தெளிக்க வேண்டும் என்றாள்.

எறும்பு காவல் காக்கிறது என்றதும் இன்னாசிக்கு ரத்தம் கொதித்தது. பூச்சியாவது வயிற்றுக்குத் தின்கிறது, இது கூலிக்கு அடியாளாக நிற்கிறதே என்றார். கிரேனுக்குப் போடுகிற கிரீஸை ஒரு டப்பா நிறைய வாங்கிவந்து, கோணித்துணியில் அப்பி அடிமரத்தில் சுற்றினார். எறும்பு கிரீஸ் வரைக்கும் வந்து நின்று, திரும்பிப் போயிற்று. இன்னாசி அதைப் பார்த்துக்கொண்டு ஒரு மணி நேரம் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார். அன்று அவர் முகத்தில் சிரிப்பைப் பார்த்ததாக ஜீனத் பிற்பாடு சொன்னாள்.

மறுநாள் எறும்பு மரத்தில் இருந்தது.

எந்த வழியாக வந்தது என்று தேடினார். மரத்திலிருந்து சமையலறை ஜன்னலுக்குத் துணி உலர்த்தும் கொடி கட்டியிருந்தது. எறும்புகள் சமையலறைச் சுவரில் ஏறி, கொடியில் நடந்து, ஃப்ளோரன்ஸின் புடவைகளைக் கடந்து மரத்துக்குப் போய்க்கொண்டிருந்தன. இன்னாசி அரிவாள்மணையைத் தூக்கிக்கொண்டு வந்து கொடியை அறுத்தார். துவைத்த துணி மொத்தமும் சேற்றில் விழுந்தது. கொடியில் இருந்த எறும்பெல்லாம் துணியோடு விழுந்து, துணியோடு வீட்டுக்குள் போயிற்று. அந்த வாரம் முழுக்க அந்த வீட்டில் யாரும் சொறியாமல் ஜெபம் சொல்லவில்லை.

ஃப்ளோரன்ஸ் துணியை மறுபடி துவைத்தாள். மரத்தடிக்கே காப்பி கொண்டுவந்து கொடுத்தாள். அது ஆறிப்போயிருந்தது. இன்னாசி உச்சிக்கிளையைப் பார்த்துக்கொண்டே குடித்துவிட்டு டம்ளரை நீட்டினார்.

மீன் எண்ணெய் சோப்பு கடையில் கிடைக்கவில்லை. தினமும் பின்வாசலுக்கு மீன் கொண்டுவருகிற சிலுவையம்மாள், கவலை மீன் எண்ணெய்தானே, தங்கள் குப்பத்தில் காய்ச்சுகிறார்கள் என்று ஒரு குடம் கொண்டுவந்து இறக்கினாள். இன்னாசி அதில் சோடா உப்பைக் கொட்டிக் காய்ச்சினார். நிறையத் தண்ணீரில் கரைக்க வேண்டும் என்று டீச்சர் சொன்னது ஞாபகம் இருந்தது. ஆனால் எதிரிக்கு மருந்தைக் கரைத்துக் கொடுப்பானேன் என்று தோன்றியது. கெட்டியாகவே எடுத்துப் பூசினார்.

அன்று சாயங்காலம் முதல் பூனை வந்தது. விடிவதற்குள் கல்மண்டபத்துப் பூனைகள் பூராவும் வந்து சேர்ந்தன. மீன்பிடித் துறையிலிருந்தும் வந்திருக்கும் போலிருந்தது; காது கிழிந்தவை, வால் போனவை எல்லாம் இருந்தன. மரத்தில் ஏறி நக்கின, பிஞ்சுகளை உதிர்த்தன, இடத்துக்குச் சண்டை போட்டன. அலுத்துப்போனபோது சுவரைத் தாண்டிக் குதித்து மஜீது வீட்டுக் கோழிக்குஞ்சுகளைத் தூக்கிக்கொண்டு போயின.

மஜீது கையில் கப்பல் கயிற்றோடு வந்தார்.

"மேஸ்திரி, என் கோழிக்கு இன்னா பதில்?"

"பூனையக் கேளு பாய். என் பூனையா அது?"

"உன் மரத்துல குந்திகினு கீது. உன் மீன் எண்ணெய நக்கிகினு கீது. அப்ப யார் பூனை?"

இரண்டு பேரும் வேட்டியை மடித்துக் கட்டிவிட்டார்கள். இந்தத் தடவையும் ஜீனத்தான் வந்தாள். குஞ்சு போனால் மறுபடி அடை வைத்துக்கொள்ளலாம், பாவம் அவர் மரத்தைக் காப்பாற்றத்தானே பாடுபடுகிறார் என்று புருஷனைச் சமாதானம் செய்தாள். தன் கோழிக்குஞ்சைத் தின்னக் கொடுத்தவள் இப்படிப் பேசியது மஜீதுக்கு அதிர்ச்சியாக இருந்தது. இன்னாசிக்கு ஏமாற்றமாக இருந்தது.

கெட்டி எண்ணெயைக் கழுவி, தண்ணீரில் கரைத்து, ஒழுங்காகத் தெளிக்க ஒரு பம்பு வேண்டியிருந்தது. பழைய பம்பு ஒன்று கிடைத்தது, ஆனால் வேலை செய்யவில்லை. தனக்குத் தெரிந்த ஒரு பையன் பம்பு பார்ப்பான் என்று தேவகிருபை டீச்சர் அனுப்பிவைத்தாள். ஒல்லியாக, எண்ணெய்க் கறை படிந்த காக்கிச் சட்டையோடு வந்தான். பம்பைப் பிரித்துப் போட்டு மாட்டினான். வேலை செய்தது. மறுநாளும் பட்டறையிலிருந்து நேராக வந்து ஏணியைப் பிடித்துக்கொண்டு நின்றான். இன்னாசி அவனைத் திட்டாத திட்டு இல்லை. ஏணியை ஆட்டுகிறாய், பம்பை மெதுவாக அடிக்கிறாய், வேகமாக அடிக்கிறாய், மூச்சு விடுகிறாய். அவன் பட்டறையில் பாய்லருக்குப் பக்கத்தில் நின்று வேலை செய்கிறவன். காதில் பாதிதான் விழுந்தது. விழுந்த பாதிக்கும் தலையாட்டினான்.

ஒரு நாள் இன்னாசி உச்சிக்கிளையில் இருந்தார். கட்டெறும்பு ஒன்று முழங்கைக்கு மேலே ஏறிக்கொண்டிருந்தது. கீழேயிருந்து ஃப்ளோரன்ஸ் பேசினாள்.

"இன்னாங்க, அந்த யேசுதாஸ் வூட்டுலேர்ந்து திரும்பக் கேட்டு அனுப்பிச்சிருக்காங்க."

"எந்த யேசுதாஸ்?"

"தோ, ஏணியப் புடிச்சிகினு கீறாரே, அவருதாங்க."

இன்னாசி குனிந்து பார்த்தார். அந்தச் சமயம் பார்த்து எறும்பு அக்குளில் கடித்தது.

"இவனா? ஏணிய ஒயுங்கா புடிக்கிறான். சரி, செய்யி. வேலையப் பாக்க வுடாம நின்னு பேசிகினு கீறியே, அந்த சோப்புத் தண்ணிய எடுத்துக் குடு."

ஃப்ளோரன்ஸ் சோப்புத் தண்ணீரை எடுத்துக் கொடுத்தாள். டோரதி சமையலறை ஜன்னலிலிருந்து உள்ளே போனாள். அடுத்த ஞாயிற்றுக்கிழமையே கோயிலில் பூசையின்போது இருவர் பேரையும் சொல்லி முதல் கல்யாண ஓலை வாசித்தார்கள். இன்னாசி அந்தப் பூசையில்தான் இருந்தார். இலையின் அடிப்பக்கத்தில் தெளிக்கக் குழாயை எந்தக் கோணத்தில் வளைப்பது என்று யோசித்துக்கொண்டிருந்தார்.

சோப்புத் தண்ணீருக்குப் பூச்சி கொஞ்சம் கொஞ்சமாகக் குறைந்தது. கூடவே, கறுப்புப் புள்ளி வைத்த சிவப்பு வண்டுகள் சில மரத்துக்கு வந்தன. இவை நல்லவை, மாவுப்பூச்சியைத் தின்னும், பொறுத்திருங்கள் என்று டீச்சர் சொல்லியனுப்பினாள். பொறுத்திரு என்பது இன்னாசிக்கு ஆகாத வார்த்தை. துறைமுகத் தோஸ்து ஒருவர், கொசுவுக்கு அடிக்கிற புது வெள்ளைப் பவுடர் வந்திருக்கிறது, டி.டி.டி. என்று பேர், தூவினால் எதுவும் மிஞ்சாது என்றார். எதுவும் மிஞ்சாது என்ற சொல் இன்னாசிக்குப் பிடித்திருந்தது. மூட்டையாகக் கொண்டுவந்து, மூக்கில் துணி கட்டிக்கொண்டு மரம் முழுக்கத் தூவினார். ஃப்ளோரன்ஸ் முற்றத்தில் காயப்போட்டிருந்த வற்றலிலும் விழுந்தது. அத்தனையையும் அள்ளிக் குழி தோண்டிப் புதைக்க வேண்டியிருந்தது.

பவுடர் சொன்ன சொல்லைக் காப்பாற்றியது. மறுநாள் மரத்தடியில் சிவப்பு வண்டு ஒன்றுவிடாமல் செத்துக் கிடந்தது. மாவுப்பூச்சிக்கோ அதன் மேல் இருந்த மாவே குடையாக நின்றது. தின்ன வருகிறவன் ஒழிந்தான் என்று அது பெருகிற்று. கொஞ்ச நாளில் கிளையெல்லாம் பஞ்சு சுற்றின மாதிரி ஆயிற்று. பிஞ்சுகளின் காம்பிலும் வெள்ளை அப்பிக்கொண்டது.

இன்னாசி அன்று சாப்பிடவில்லை. மரத்தடியில் நின்று பூச்சிகளைப் பார்த்து, கிரேன் சங்கிலி அறுந்து விழுந்த நாளில்கூட உபயோகிக்காத வார்த்தைகளை உபயோகித்தார். தெருவில் போன கன்னியாஸ்திரீகள் சிலுவை போட்டுக்கொண்டு நடையை எட்டிப் போட்டார்கள்.

அந்த ஆத்திரத்தில்தான் புகை போட்டார். தார் பூசின பழைய சாக்குகளையும் பச்சை வேப்பிலையையும் மரத்தைச் சுற்றிக் குவித்து நெருப்பு வைத்தார். நெருப்பு கொஞ்சம்தான் எரிந்தது. புகை கறுப்பாக, தடியாக எழுந்தது. மரத்துக்குள் போகும் என்று பார்த்தால், கடல்காற்று திரும்பி அதை மஜீது வீட்டுக்குள் தள்ளியது. பிறகு சந்துக்குள் தள்ளியது. ஜனங்கள் இருமிக்கொண்டு குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு வெளியே ஓடினார்கள். துறைமுகத்தில் எண்ணெய் டாங்கி பற்றிக்கொண்டது என்று யாரோ சொன்னார்கள். மருந்துக்கடையிலிருந்து போன் போயிற்று.

மணியடித்துக்கொண்டு ஃபயர் இன்ஜின் வந்து சந்துமுனையில் நின்றபோது, இன்னாசி நனைந்த கோணியால் புகையை மரத்தின் பக்கம் விசிறிக்கொண்டிருந்தார். தலையில் பித்தளைத் தொப்பி போட்ட ஆட்கள் குழாயை இழுத்துக்கொண்டு உள்ளே ஓடிவந்தார்கள். அவர்களுடைய தலைவர், தீ எங்கே என்று கேட்டார். தீ எதுவும் இல்லை, இது வைத்தியம், எல்லோரும் வெளியே போங்கள் என்று இன்னாசி குரலை உயர்த்தினார். அந்தக் குரலைக் கேட்டதும், யாரோ உள்ளே மாட்டிக்கொண்டு அலறுகிறார்கள் என்று பின்னால் இருந்தவன் தண்ணீரைத் திறந்துவிட்டான்.

முதல் பீச்சல் இன்னாசியின் மார்பில் பட்டு அவரைக் கிணற்றுத் திட்டில் உட்கார வைத்தது. அடுத்தது மரத்தின் மேல் அடித்தது. கீழிருந்து மேலாக, மேலிருந்து கீழாக, இலைக்கு அடியில், கிளைக்கு இடுக்கில், விடாமல் அடித்தது. சமையலறை ஓடு பறந்தது. விறகு மிதந்தது. புகை அடங்கிய பிறகும், வண்டியிலிருந்த தண்ணீர் தீர்கிற வரை அடித்துவிட்டுத்தான் போனார்கள். தலைவர் போகும்போது இன்னாசிக்கு எச்சரிக்கை கொடுத்தார். இன்னாசி அவருக்குக் கொடுத்தது அதைவிடப் பெரிசு.

வேட்டி பிழியப் பிழிய இரவு முழுக்கக் குமுறினார். ஓடு போனதற்கு, விறகு போனதற்கு, மார்பு வலிக்கு, சந்து ஜனங்கள் சிரித்ததற்கு. காலையில் எழுந்து, பூச்சி மிச்சம் இருந்தால் மரத்தை வெட்டியே போட்டுவிடுவது என்று அரிவாளோடு பின்பக்கம் போனார்.

மரம் பச்சையாக நின்றது.

கிளையைப் பிடித்து இழுத்துப் பார்த்தார். இலையைத் திருப்பிப் பார்த்தார். வெள்ளை இல்லை, கறுப்பு இல்லை, எறும்பு இல்லை. செய்தி கேட்டுப் பார்க்க வந்த தேவகிருபை டீச்சர் சிரித்துவிட்டாள். வேகமான தண்ணீருக்கு மாவுப்பூச்சி பிடி விட்டு விழுந்துவிடும், விழுந்தால் அதற்குத் திரும்பி ஏறத் தெம்பு இல்லை, கிரீஸ் பட்டையும் இருப்பதால் எறும்பும் தூக்கிக்கொண்டு போகாது என்றாள். வாரம் ஒரு தடவை கிணற்றுத் தண்ணீரைப் பம்பில் பீச்சினால் போதும், மரம் பிழைத்துவிட்டது.

இன்னாசி இரண்டு மூன்று நாள் மரத்தடியிலேயே ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருந்தார். காய்கள் பருத்துக்கொண்டிருந்தன. கிளி ஒன்று வந்தது. அவர் இருமியதும் போய்விட்டது. திட்டுவதற்கு ஒன்றும் இல்லை. கைகளைப் பார்த்துக்கொண்டார். பிறகு எழுந்து வீட்டுக்குள் போனார்.

காப்பி ஆறியிருந்தது.

வீட்டில் கல்யாண வேலை நடந்துகொண்டிருந்தது என்பது அப்போதுதான் அவர் கண்ணில் முழுசாகப் பட்டது. தன்னைக் கேட்காமல் பந்தல்காரனுக்குச் சொன்னது யார் என்று கேட்டார். நீங்கள்தான் ஏணி மேலிருந்து சரி என்றீர்கள் என்று சொன்னபோது, ஏணி மேல் சொன்னதெல்லாம் கணக்கா என்றார். பந்தல்காரன் கட்டின முடிச்சைத் தப்பு என்று அவிழ்க்கச் சொன்னார். தையற்காரனிடம் கோட்டின் கையை நீளமாக்கச் சொல்லி, நீளமாகிவிட்டது என்று சண்டை போட்டார். பிரியாணி செய்ய வந்தவரை, அரிசி கழுவுகிற விதம் சரியில்லை என்று திருப்பி அனுப்பினார்.

அதோடு விட்டிருந்தால் பரவாயில்லை. ஒருநாள் காலையில் கோட்டை மாட்டிக்கொண்டு நேரே வண்ணாரப்பேட்டைக்குப் போய், யேசுதாஸின் தாய்மாமன் வீட்டுக் கதவைத் தட்டினார். அன்றைக்குத் தாமதமாக வந்ததற்கும் நாற்காலியில் உட்கார்ந்ததற்கும் இன்னும் மன்னிப்புக் கேட்கவில்லையே என்று கேட்டார். மாமனும் ரோசக்காரர். பையன் முகத்துக்காகப் பொறுத்துக்கொண்டிருக்கிறேன், இன்னொரு தரம் இப்படி வந்து நின்றால் கல்யாணமும் இல்லை ஒன்றும் இல்லை என்று சொல்லிக் கதவைச் சாத்திவிட்டார். இன்னாசி திரும்பி வந்து, நாளைக்கு மறுபடி போகப்போவதாக அறிவித்தார்.

டோரதி தன் கல்யாண கவுனுக்கு லேஸ் வைத்துத் தைத்துக்கொண்டிருந்தாள். மிஷினை நிறுத்தினாள். இத்தனை மாசத்தில் முதல் தடவையாக அப்பாவை நிமிர்ந்து பார்த்தாள்.

"நைனா, இதுவும் நின்னுபோச்சுன்னா நா இந்த வூட்டுல இருக்க மாட்டேன். மடத்துல போய்ச் சேந்துடுவேன். அப்புறம் நீ கத்தறதுக்குச் செவுருதான் கீது."

அவள் குரலை உயர்த்தவே இல்லை. உயர்த்தியிருந்தால் இன்னாசிக்கு என்ன செய்வதென்று தெரிந்திருக்கும். அந்த நேரம் வாசலில் பாண்டு மாஸ்டர் வந்து நின்றார். இன்னாசிக்கு உயிர் வந்தது. கோயில் வாசலில் என்ன பாட்டு வாசிப்பதாக உத்தேசம், அதற்கு எத்தனை பேர், அந்தப் பெரிய மேளம் எதற்கு என்று அவரைப் பிடித்துக்கொண்டார்.

ஃப்ளோரன்ஸ் கேட்டுக்கொண்டே நின்றாள். கையிலிருந்த முறத்தை அடுப்பு மேடையில் போட்ட வேகத்தில் உளுந்து நாலாபக்கமும் சிதறியது. அதை அவள் பொறுக்கவில்லை. பின்கதவைத் திறந்துகொண்டு முற்றத்துக்குப் போனாள். சிலுவையம்மாள் அப்போதுதான் வந்து மீன்கூடையை இறக்கிக்கொண்டிருந்தாள். ஃப்ளோரன்ஸ் கிணற்றுத் திட்டில் உட்கார்ந்து கண்ணைத் துடைத்துக்கொண்டாள். வீட்டுக்குள்ளிருந்து, மேளத்தை விட்டுவிட்டு இப்போது பாண்டு மாஸ்டரின் மீசையைப் பற்றி இன்னாசி பேசுவது தெளிவாகக் கேட்டது.

சிலுவையம்மாள் கொஞ்ச நேரம் அந்தக் குரலைக் கேட்டாள். ஒரு வெள்ளைப் புள்ளிகூட இல்லாமல் பளபளவென்று நிற்கிற கொய்யா மரத்தை அண்ணாந்து பார்த்தாள். பிறகு குரலைத் தாழ்த்திக்கொண்டு சொன்னாள்:

"அயுவாதக்கா, போன தபா எங்க நாத்தனா வூட்டுலேர்ந்து பூச்சி புடிச்ச கிள ஒண்ணுதான ஒடிச்சாந்து மரத்துல கட்டிவுட்டோம், கல்யாணம் முடியற வரிக்கும் தாங்கணும்னா இந்தத் தபா ரெண்டாக் கட்டிவுடலாம்."